தாது வருஷத்து விருந்து

லிட்டன் பிரபு கவிஞர். ஓவன் மெரிடித் என்ற புனைபெயரில் எழுதிப் பெயர் வாங்கியவர். அவரை இந்தியாவுக்கு வைஸ்ராயாக அனுப்பிய பிரதமர் டிஸ்ரேலி நாவலாசிரியர். ஆக, 1876-இல் ஒரு நாவலாசிரியர் லண்டனிலும் ஒரு கவிஞர் கல்கத்தாவிலும் உட்கார்ந்துகொண்டு இருபது கோடிக்கும் மேற்பட்ட ஜனங்களை ஆளத் தொடங்கினார்கள். இலக்கியவாதிகள் கையில் ஆட்சியைக் கொடுத்தால் நாடு உருப்படும் என்று நம்மில் சிலர் இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் இதற்கு மேல் படிக்காமல் இருப்பது நல்லது.

விக்டோரியா ராணிக்கு அப்போது ஒரு மனக்குறை. மூத்த பெண்ணைக் கட்டிக்கொடுத்த இடத்துச் சம்பந்தி, பிரஷ்யாவின் ராஜா, 1871-இல் ஜெர்மனிக்கே சக்கரவர்த்தி ஆகிவிட்டார். இரண்டாவது பையனுக்குப் பெண் எடுத்த சம்பந்தியோ ரஷ்யாவின் ஜார். பெற்ற பெண் நாளைக்குச் சக்கரவர்த்தினி ஆகப்போகிறாள். அம்மா மட்டும் வெறும் ராணி. குடும்ப விசேஷத்தில் யார் முன்னால் நடப்பது? நம் ஊர்க் கல்யாணங்களில் சம்பந்திச் சண்டை, காபி ஆறிப்போயிருந்தது என்பதோடு முடிந்துவிடும். அவர்கள் வீட்டுச் சண்டைக்கு நாடாளுமன்றம் சட்டம் போட்டது. 1876-இன் ராஜப் பட்டங்கள் சட்டத்தால் விக்டோரியா இந்தியாவின் சக்கரவர்த்தினி ஆனார். இந்தியாவை அவர் அதுவரை பார்த்ததில்லை. அதற்குப் பிறகு உயிரோடிருந்த இருபத்துநான்கு வருஷத்திலும் பார்க்கவில்லை.

பட்டம் வந்தால் விருந்து வைக்க வேண்டும். விருந்து டெல்லியில், 1877 ஜனவரி 1 அன்று. விருந்துக்குரியவர் விண்ட்சர் அரண்மனையில் இந்திய ராஜாக்கள் கொடுத்த நகைகளைப் பூட்டிக்கொண்டு தனியாக ஒரு விருந்து சாப்பிட்டார். டெல்லியில் அவருக்குப் பதிலாக லிட்டன்.

கிழக்கே போகப் போக ஒரு துண்டுக் கொடித்துணிக்கு மதிப்பு ஏறிக்கொண்டே போகும் என்பது லிட்டனின் அரசியல் கண்டுபிடிப்பு. கடிதத்திலேயே எழுதி வைத்திருக்கிறார். நம்மைப் பற்றி அவ்வளவு நுணுக்கமாக ஆராய்ந்த மனிதர், அதை நம் செலவிலேயே சோதித்தும் பார்த்தார். ஒவ்வொரு சமஸ்தானத்து ராஜாவுக்கும் ஐரோப்பியப் பிரபு குல முறைப்படி ஒரு சின்னம் புதிதாக வரையப்பட்டது. அதைப் பட்டுக் கொடியில் தைத்து, பித்தளைக் கம்பத்தில் மாட்டிக் கொடுத்தார்கள். சூரிய வம்சம், சந்திர வம்சம் என்று வேதகாலத்திலிருந்து கணக்குச் சொன்னவர்கள், தங்கள் குலச்சின்னம் எது என்பதை ராபர்ட் டெய்லர் என்ற சிவில் அதிகாரியிடம் தெரிந்துகொண்டார்கள். கனமோ கனம், ஒரு கொடியைத் தூக்க இரண்டு ஸ்காட்லாந்துச் சிப்பாய்கள் வேண்டியிருந்தது. ராஜாக்களின் கழுத்தில் லிட்டன் தம் கையாலேயே தங்கப் பதக்கம் மாட்டினார். யாருக்கு எத்தனை குண்டு மரியாதை என்று ஒரு பட்டியல். ஹைதராபாத், மைசூர், பரோடா மூன்றுக்கும் இருபத்தொன்று. மற்றவர்களுக்கு அவரவர் யோக்கியதைப்படி. குண்டு ஒன்று கூடினால் பரம்பரைக்கே பெருமை. குறைந்தால் பக்கத்து சமஸ்தானத்துக்காரன் சிரிப்பான். நாட்டைப் பறிகொடுத்தவர்கள் குண்டுகளை எண்ணிக்கொண்டிருந்தார்கள்.

அறுபத்துமூன்று ஆளும் ராஜாக்கள் வந்திருந்தார்கள். அழைப்பின் பேரில் வந்து தங்கியவர்கள் 68,000. மற்றவர்களையும் சேர்த்தால் எண்பதாயிரத்தைத் தாண்டும். டிசம்பர் 23-ஆம் தேதி ரயிலில் வந்திறங்கிய வைஸ்ராய், யானை மேல் ஏறி மூன்று மணி நேரம் டெல்லியைச் சுற்றினார். பிரகடனத்தை வாசிக்க மேஜர் பார்ன்ஸ் என்பவரைத் தேர்ந்தெடுத்தார்கள். அவருடைய தகுதி, இந்தியப் படையிலிருந்த ஆங்கில அதிகாரிகளில் அவர்தான் உயரமானவர் என்று சொல்லப்பட்டது. எக்காளம் ஊதியது, வாக்னரின் இசை முழங்கியது, பீரங்கியும் துப்பாக்கியும் வெடித்தன. வெடிச்சத்தத்தில் யானைகளும் குதிரைகளும் மிரண்டு ஓடியதில் வேடிக்கை பார்க்க வந்தவர்கள் சிலர் மிதிபட்டுச் செத்தார்கள். நல்ல நாளும் அதுவுமாக அவர்களைப் பற்றி யாரும் அதிகம் பேசவில்லை.

இந்தக் காட்சியை ஓவியமாக வரைய வால் பிரின்செப் என்ற ஓவியரை வரவழைத்திருந்தார்கள். பந்தலைப் பார்த்ததும் மனுஷன் தலையில் கைவைத்துக்கொண்டார். சிவப்பு, வெள்ளை, நீலம் என்று கண்ணைக் குத்தும் வர்ணங்கள், ஜிகினா, தங்கப்பூச்சு. இந்த அலங்கோலத்தை எப்படி வரைவது என்று புலம்பி எழுதியிருக்கிறார். அன்றைக்கு டெல்லியில் வாய்விட்டு ஆட்சேபம் சொன்ன வெள்ளைக்காரர் அவர் ஒருவராகத்தான் இருக்கும். அதுவும் வர்ணத்தைப் பற்றி. புனாவிலிருந்து வந்த கணேஷ் வாசுதேவ் ஜோஷி, கையால் நூற்ற வெள்ளைக் கதரை உடுத்திக்கொண்டு போய், பிரிட்டிஷ் பிரஜைகளுக்கு உள்ள அந்தஸ்து எங்களுக்கும் வேண்டும் என்று மனுக் கொடுத்தார். காந்திக்கு அப்போது ஏழு வயது. சபை மனுவைக் கேட்டுக்கொண்டு சாப்பாட்டைக் கவனிக்கப் போனது.

விருந்து ஒரு வாரம் நடந்தது. உலக வரலாற்றிலேயே இவ்வளவு பெரிய, இவ்வளவு செலவான சாப்பாடு கிடையாது என்று பிற்காலத்தில் எழுதியிருக்கிறார்கள். நமக்கு அது எந்த வருஷம், எந்த மாதம் என்று பஞ்சாங்கத்தைப் பார்த்தால், தாது வருஷம், மார்கழி.

தாது வருஷப் பஞ்சம் என்று சொன்னால் இப்போது பலருக்குப் புரியாது. போன தலைமுறைப் பாட்டிமார்களுக்கு விளக்க வேண்டியதில்லை. சோற்றை வீணாக்கும் பிள்ளையைத் திட்டுவதற்கு அந்த வருஷம்தான் அவர்களுக்குக் கைகொடுத்தது. 1876-இல் மழை பொய்த்தது. ஏரி, குளம், கிணறு என்று வரிசையாக வற்றின. மாடு செத்தது, பிறகு மனிதன். பஞ்சம் வந்தால் ரயில் தானியம் கொண்டுவரும் என்று சொல்லித்தான் தண்டவாளம் போட்டிருந்தார்கள். எங்கே விலை கூடுதலோ அங்கே கொண்டுபோகும் என்பதைச் சொல்ல மறந்துவிட்டார்கள். விலையில் சர்க்கார் தலையிடக் கூடாது என்பது லிட்டனின் கண்டிப்பான உத்தரவு. சந்தை தன்னைத் தானே சரிசெய்துகொள்ளுமாம். சரிசெய்துகொண்டது: வாங்க முடியாதவர்கள் செத்துப்போனதும் வாங்குவோருக்குப் பற்றாக்குறை இல்லை. 1877-78-இல் இந்தியாவிலிருந்து மூன்று லட்சம் டன்னுக்கு மேல் கோதுமை ஐரோப்பாவுக்குக் கப்பலேறியது. அதுவரை அப்படி ஏறியதே இல்லை.

டெல்லியில் விருந்து நடந்த நாட்களில் மட்டும் சென்னை மாகாணத்திலும் மைசூரிலுமாக ஒரு லட்சம் பேர் பட்டினியால் இறந்தார்கள் என்று ஆங்கிலேயப் பத்திரிகையாளர் ஒருவரே பின்னால் கணக்குப் போட்டார். 68,000 பேர் சாப்பிட்டார்கள், ஒரு லட்சம் பேர் செத்தார்கள். இதைவிடச் சுருக்கமாக ஏகாதிபத்தியத்துக்கு வரவு செலவு எழுத எனக்குத் தெரியவில்லை.

சென்னை கவர்னர் பக்கிங்ஹாம் பிரபு என்ன செய்தார்? விருந்துக்குப் போனார். மாகாணம் கஞ்சித் தொட்டி வாசலில் நிற்கும்போது மாகாணத் தலைவர் டெல்லிக்குப் போய்க் கொலுவில் உட்கார்ந்தார். வராவிட்டால் சக்கரவர்த்தினிக்கு அவமரியாதை. மாகாணத்துக்கு மரியாதை என்று ஒன்று இருப்பதாக யாரும் நினைக்கவில்லை. திரும்பி வந்தபின், பஞ்ச நிவாரண வேலையாக, கூவத்துக்கும் அடையாற்றுக்கும் நடுவே கால்வாய் வெட்டினார்கள். வெட்டியவர்கள் எலும்பும் தோலுமாக இருந்த கூலிகள். கால்வாய்க்கு வைத்த பெயர் பக்கிங்ஹாம். இன்று அதில் சாக்கடை ஓடுகிறது. பெயர் மட்டும் நாறாமல் இருக்கிறது.

விருந்து முடிந்த கையோடு, ஏப்பம் அடங்குமுன், லிட்டன் சர் ரிச்சர்ட் டெம்பிளைத் தெற்கே அனுப்பினார். பஞ்சத்தைத் தீர்க்க அல்ல, பஞ்சச் செலவைக் குறைக்க. டெம்பிளின் கதையை நம் ஐ.ஏ.எஸ். பயிற்சிக் கல்லூரியில் பாடமாகவே வைக்கலாம். 1874-இல் பீகாரில் பஞ்சம் வந்தபோது இதே டெம்பிள் பர்மாவிலிருந்து ஐந்து லட்சம் டன் அரிசி தருவித்து ஜனங்களைக் காப்பாற்றினார். பட்டினிச் சாவு விரல்விட்டு எண்ணும் அளவுக்குக் குறைந்தது. அதற்குக் கிடைத்த பரிசு வசை. சோம்பேறிகளுக்குச் சோறு போட்டுக் கஜானாவைக் காலி செய்துவிட்டான் என்று லண்டன் பத்திரிகைகள் கிழித்தன. உயிரைக் காப்பாற்றினால் உத்தியோகம் போகும் என்று புரிந்துகொண்ட டெம்பிள், சென்னைக்கு வரும்போது திருந்தின மனிதராக வந்தார். நிவாரண வேலையில் மண் சுமப்பவனுக்குக் கூலி ஒன்றரை ராத்தல் தானியம் என்று இருந்ததை ஒரு ராத்தலாக்கினார். கூட ஒரு அணா. ஒரு மனிதன் நாள் முழுக்கக் கல்லுடைக்க ஒரு ராத்தல் போதும் என்பது அவருடைய விஞ்ஞானம்.

மாகாணத்தின் சுகாதார ஆணையர் டாக்டர் கார்னிஷ் இதைக் கடுமையாக எதிர்த்தார். உடல் தேய்கிறது, சாவு கூடுகிறது என்று எடையும் எண்ணிக்கையுமாக எழுதினார். சில மாதம் கழித்து அந்தக் கூலியைக் கைவிட வேண்டியதாயிற்று. அதற்குள் யார் யார் கைவிடப்பட்டார்கள் என்பது எந்தக் கோப்பிலும் பெயரோடு இல்லை. வரலாற்றாசிரியர் மைக் டேவிஸ் பின்னாளில் அந்த ஒரு ராத்தலைக் கலோரியாக மாற்றிப் பார்த்தார்: 1,627. நாஜிகளின் புக்கன்வால்ட் வதைமுகாமில் கொடுத்தது 1,750. ஹிட்லர் கொஞ்சம் தாராளம்.

ஒரு கூத்து இருக்கிறது. சக்கரவர்த்தினியின் கருணையைக் காட்ட, விருந்தை முன்னிட்டு நாடெங்கும் சுமார் 16,000 கைதிகளை விடுதலை செய்தார்கள். ஜெயிலில் இரண்டு வேளைக் கஞ்சி உறுதி. வெளியே வந்தவன் சேலத்துக்காரனாக இருந்தால் அது மன்னிப்பா, மரண தண்டனையா என்று யார் தீர்மானிப்பது? சேலம் ஜில்லாவில் 1871-இல் எடுத்த கணக்கில் ஜனத்தொகை கிட்டத்தட்ட இருபது லட்சம். பத்து வருஷம் கழித்து எடுத்தபோது பதினாறு லட்சம். பிறந்து வளர்ந்திருக்க வேண்டியவர்களைக் கூட்டாமலே இந்தக் கழிவு. பிரிட்டிஷ் ஆட்சிப் பகுதிகளில் மொத்தச் சாவு ஐம்பது லட்சத்துக்கு மேல் என்று அவர்களுடைய பஞ்சக் கமிஷனே ஒப்புக்கொண்டது.

பிரின்செப்பின் ஓவியத்துக்கு ஜோடியாக நம் பக்கத்திலும் படங்கள் உண்டு. சென்னைப் படை அதிகாரி ஹூப்பர், பஞ்சத்தில் அடிபட்டவர்களைக் குடும்பம் குடும்பமாக உட்காரவைத்துப் புகைப்படம் எடுத்தார். விலா எலும்பு ஒவ்வொன்றும் தெரியும்படி, கைக்குழந்தையை மடியில் வைத்து, உயரவாரியாக, ஒழுங்காக. அந்தக் காலத்துக் காமிராவுக்கு அசையாமல் இருக்க வேண்டும். அவர்களுக்கு அதில் சிரமம் இருந்திருக்காது. படம் எடுத்து முடித்தபின் ஒரு வாய் கஞ்சி கொடுத்தாரா என்று அப்போதே கேலியாகக் கேட்டார்கள். ஆக 1877-இல் இந்தியாவில் இரண்டு விதமான குரூப் போட்டோ. ஒன்றில் இருப்பவர்களின் பெயர், பட்டம், குண்டு எண்ணிக்கை எல்லாம் தெரியும்.

நம் ஆட்கள் சும்மா இருக்கவில்லை. மாயவரத்தில் முன்சீப்பாக இருந்த வேதநாயகம் பிள்ளை சொந்தப் பணத்தைப் போட்டுக் கஞ்சி ஊற்றினார். கோபாலகிருஷ்ண பாரதியார் அவரைப் பாடிப் புகழ்ந்தார். சிவகங்கை வில்லியப்ப பிள்ளை இன்னொரு வழிக்குப் போனார். ‘பஞ்சலட்சணத் திருமுக விலாசம்’ என்று ஒரு நூல் எழுதினார். பசியோடு மதுரைக்கு வந்து முறையிடுகிறவனிடம் சொக்கநாதர் தம் கஷ்டத்தைச் சொல்கிறார். கடைசியில் சிவகங்கை ஜமீன்தாருக்கு ஒரு சிபாரிசுக் கடிதம் எழுதிக் கொடுத்து அனுப்பிவிடுகிறார். கடவுளே கைவிரித்துச் சிபாரிசுக் கடிதம் எழுத வேண்டிய நிலை. தாது வருஷத்தை இதைவிடச் சரியாக எந்தக் கமிஷனும் விசாரிக்கவில்லை.

லிட்டன் பிறகு பஞ்சக் காப்பு நிதி என்று வரி போட்டார். போட்ட கையோடு ஆப்கானிஸ்தானத்தில் சண்டை வந்தது. பஞ்சப் பணம் எங்கே போயிற்று என்று லண்டனிலேயே கேள்வி எழுந்தது. 1878-இல் இந்திய மொழிப் பத்திரிகைகளின் வாயைக் கட்ட ஒரு சட்டமும் கொண்டுவந்தார். பட்டினி கிடப்பவனின் வாய்க்கு அதைத் தவிர வேறு எதையும் அவர் கொண்டுவந்ததாகத் தெரியவில்லை.

1903-இல் அடுத்த டெல்லி விருந்து, வைத்தவர் வைஸ்ராய் கர்சன். ராணி போய் எட்வர்டு வந்தார். அவரும் டெல்லிக்கு வரவில்லை, தம்பியை அனுப்பினார். இதற்கும் முன்னால் சம்பிரதாயம் தவறாமல் ஒரு பெரும் பஞ்சம், 1899-1900-இல். கர்சனுக்கு ஒரு யோசனை: விருந்தில் வரிக்குறைப்பு அறிவித்தால் ஜனங்கள் வாழ்த்துவார்கள். லண்டன் முடியாது என்றது. உப்புக்கு வரி வாங்கித் தின்றவர்கள் ஒரு சிட்டிகை உப்பை விட்டுக்கொடுக்க யோசித்தார்கள். உப்பிட்டவரை உள்ளளவும் நினைக்கச் சொன்ன நாட்டில், உப்பைப் பிடுங்கியவர்களை நினைக்கச் சொல்லி யானை ஊர்வலம் விட்டார்கள். கர்சன் நுணுக்கமானவர். கிறிஸ்தவச் சிப்பாய்களைப் பற்றிய ஒரு துதிப்பாட்டை வழிபாட்டுப் பட்டியலிலிருந்து நீக்கச் சொன்னார். அதில் அரியணைகள் அழியும் என்று ஒரு வரி வருகிறதாம். அந்த வருஷக் கடைசியில் சென்னையில் கூடிய காங்கிரஸில் தலைவர் லால்மோகன் கோஷ், மடிந்துகொண்டிருக்கும் ஜனங்களுக்கு முன்னால் எதற்கு இந்த ஆடம்பரக் காட்சி என்று வெளுத்து வாங்கினார். காங்கிரஸ் அப்போது மனுப்போடும் கட்சி. மனுப்போடுகிறவர்களுக்கே பொறுக்கவில்லை.

1911-இல்தான் ஒரு ராஜா நேரில் வந்தார். ஐந்தாம் ஜார்ஜ். இங்கிலாந்தின் கிரீடம் அந்த நாட்டைவிட்டு வெளியே போகக் கூடாது என்பது அவர்கள் சம்பிரதாயம். அதனால் ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட வைரங்கள் பதித்து இந்தியாவுக்கென்று ஒரு கிரீடம் செய்தார்கள். 60,000 பவுன். பில் நமக்கு. மூன்றரை மணி நேரம் தலையில் வைத்திருந்தார். கனமாக இருந்தது, தலை வலித்தது என்று டயரியில் குறித்துக்கொண்டார். அதோடு சரி, மறுபடி யாரும் அதைத் தலையில் வைக்கவில்லை. இப்போது லண்டன் டவரில் கண்ணாடிக்குள் இருக்கிறது. டிக்கெட் எடுத்தால் நாமும் பார்க்கலாம். நம் பணத்தில் செய்ததை நம் பணத்திலேயே பார்க்கும் வசதி. பரோடா ராஜா சயாஜிராவ் சரியாகக் குனியாமல், முதுகைக் காட்டித் திரும்பிவிட்டார் என்பதுதான் அந்த விருந்தில் பெரிய சர்ச்சை. பாவம், விளக்கம் சொல்லியே அவருக்கு அலுத்துப்போனது. ஒரு மனிதனின் முதுகெலும்பு எத்தனை டிகிரி வளைந்தது என்று ஒரு சாம்ராஜ்யமே உட்கார்ந்து ஃபிலிமைப் போட்டுப் பார்த்தது.

பிறகு அவர்கள் போனார்கள். டெல்லியில் வைஸ்ராய்க்காக லுட்யன்ஸ் கட்டிய 340 அறை மாளிகை நின்றது. நடுவில் ஒரு சேலத்து வக்கீல் அதில் குடிவந்தார். கவர்னர் ஜெனரல் ராஜாஜி, வைஸ்ராயின் பிரம்மாண்ட அறைகளில் படுக்க மாட்டேன் என்று விருந்தினர் பகுதிக்குப் போனார். நாட்டில் உணவுத் தட்டுப்பாடு என்று மாளிகை நிலத்தை உழுது கோதுமை விதைத்தார். அவருடைய அரசியலில் எனக்கு ஆயிரம் சண்டை உண்டு. ஆனால் அந்த வளாகத்தில் ஏரைப் பூட்டியதற்காக அவருக்கு ஒரு கும்பிடு. குடியரசு வந்ததும் விருந்தும் வந்தது. ஜனவரி 26-க்கும் ஆகஸ்ட் 15-க்கும் ஜனாதிபதியின் தேநீர் விருந்து. மாநிலத்துக்கு மாநிலம் ஆளுநர் மாளிகையில் அதற்கொரு சின்ன நகல். யாருக்கு அழைப்பு, யார் எந்த வரிசை, யார் புறக்கணித்தார், யாருடைய நாற்காலி காலியாக இருந்தது என்று மறுநாள் பத்திரிகையில் முதல் பக்கம். குண்டு எண்ணுவதை நிறுத்திவிட்டு நாற்காலி எண்ணத் தொடங்கியிருக்கிறோம். இது ஒரு முன்னேற்றம்தான்.

2020-இல் அமெரிக்க ஜனாதிபதி டிரம்ப் அகமதாபாத்துக்கு வந்தபோது, அவர் போகும் வழியில் இருந்த சேரியை மறைத்து மாநகராட்சி சுவர் எழுப்பியது. சுவருக்குப் பின்னால் இருந்தவர்கள் அந்தச் செலவில் எங்களுக்கு வீடு கட்டியிருக்கலாமே என்றார்கள். விருந்தினர் வரும் நேரத்தில் வீட்டுக்காரன் குறுக்கே பேசுவது பண்பா? மறுநாள் ராஷ்டிரபதி பவனில் அவருக்கு விருந்து. 2023 செப்டம்பரில் ஜி-20 மாநாட்டுக்காக டெல்லியில் சுவருக்கு நேரம் போதவில்லை போலிருக்கிறது. குடிசைகளுக்கு முன்னால் பச்சைத் துணி கட்டினார்கள். லிட்டன் உயிரோடிருந்தால் தம் கண்டுபிடிப்புக்குக் காப்புரிமை கேட்டிருப்பார்.

செப்டம்பர் 9 அன்று இரவு பாரத் மண்டபத்தில் ஜனாதிபதியின் விருந்து. வெள்ளிப் பாத்திரம், தங்கமுலாம். அது சர்வதேசச் சிறுதானிய ஆண்டு. முதலில் தினையில் செய்த மொறுமொறுப்பான இலை, மேலே தயிர். அடுத்துப் பலாப்பழத்தோடு சாமை. கடைசியில் ஏலக்காய் போட்ட குதிரைவாலிப் பாயசம். ஏழைகளின் தானியத்துக்கு உலக அரங்கில் கௌரவம் கிடைத்துவிட்டது என்று மறுநாள் தலையங்கங்கள் உருகின. தாது வருஷத்தில் டெம்பிள் துரை ஒன்றரை ராத்தலில் அரை ராத்தல் குறையுமா என்று தராசில் நிறுத்துப் பார்த்த தானியமும் இந்த வகையறாதான். அவரைக் கூப்பிட்டு வெள்ளித் தட்டில் வைத்துக் கொடுத்திருந்தால் ரசித்துச் சாப்பிட்டிருப்பார். பச்சைத் துணிக்குப் பின்னால் அன்றைக்கு ராத்திரி என்ன சமையல் என்பது மெனு கார்டில் இல்லை. அங்கே இருந்தவர்களுக்கு, மாநாடு முடியும்வரை வேலைக்குப் போகாமல் வீட்டோடு இருக்கச் சொல்லி உத்தரவு.